கூத்துமாடத்தின் பின்பக்கம்

முதல் நாள்

கல்லூரியில் 22 ஆண்டுகளாகக் கம்பனைப் பாடம் நடத்தி வருகிறேன். யுத்த காண்டத்தை முடிக்கும் ஒவ்வோர் ஆண்டும், இந்தக் காப்பியத்தை விடிய விடியப் பாடிப் பொருள் சொல்லும் மனிதர்கள் மலைக்கு அந்தப் பக்கம் இருக்கிறார்கள் என்று மாணவர்களிடம் சொல்வேனே தவிர, ஒரு முறையும் நேரில் போய்ப் பார்த்ததில்லை. இந்தப் பங்குனியில் அந்தக் குறையைத் தீர்த்துக்கொள்வதென்று முடிவு செய்து, கோயம்புத்தூரில் காலை ரயில் ஏறினேன்.

வாளையாற்றைத் தாண்டியதும் சன்னல் காற்றின் வாடை மாறிவிடுகிறது. மேற்குத் தொடர்ச்சி மலை இடைவெளி விட்டு நிற்கும் இந்தப் பாலக்காட்டுக் கணவாய் வழியாகத்தான் வணிகர்களும் நெசவாளர்களும் வேளாளர்களும் பல நூற்றாண்டுகளாக இரு பக்கமும் போய்வந்தார்கள். ஆனைமலைப் பக்கம் பிறந்து பொன்னானியில் கடல் சேரும் பாரதப்புழையும் இந்த வழியில்தான் மேற்கே போகிறது. அங்குள்ளவர்கள் அதை நிளை என்கிறார்கள். ஒற்றப்பாலம் கடந்து ஷோரனூரில் இறங்கியபோது உச்சிவெயில். ஆற்றில் தண்ணீரைவிட மணலும் நாணலுமே அதிகமாகத் தெரிந்தன.

நான் பார்க்க வந்திருப்பது தோல்பாவைக்கூத்து. தமிழ்நாட்டில் இதே பெயரில் நாம் பார்க்கும் கூத்து வேறு. நம் பக்கத்தில் மராத்தியைத் தாய்மொழியாகக் கொண்ட மண்டிகர் குடும்பங்கள் நடத்துவது அது. ஆட்டுத்தோலை ஒளி ஊடுருவும்படி பதப்படுத்தி, சிவப்பும் பச்சையும் பூசி, திரையில் வண்ணப்படம்போல விழச் செய்வார்கள். நிளைக்கரைப் பாவைகள் மான்தோலில் செய்யப்பட்டவை. திரையில் கறுத்த நிழலாகவே விழும். துளைகளின் வழியே வரும் வெளிச்சம் மட்டும் கிரீடமாகவும் மாலையாகவும் மினுங்கும். அங்கே வீட்டில் மராத்தி பேசுபவர்கள் தமிழில் ராமகதை சொல்கிறார்கள். இங்கே வீட்டில் மலையாளம் பேசுபவர்கள் கம்பனின் விருத்தங்களைப் பாடுகிறார்கள். தமிழுக்கு வாய்த்த இந்த இரண்டு நிழற்கூத்துகளையும் காப்பாற்றி வருபவர்கள் வீட்டில் தமிழ் பேசாதவர்கள் என்பதைத் தமிழாசிரியனாகிய நான் கொஞ்சம் வெட்கத்தோடுதான் எழுதுகிறேன்.

கூத்து நடக்கும் பகவதி காவுக்கு, அதாவது அம்மன் கோவிலுக்கு, மாலையில் போய்ச் சேர்ந்தேன். ஊரின் பெயரை எழுதப்போவதில்லை. அங்கு நான் சந்தித்த மூத்த புலவர் தம்மைப் பற்றி எவரும் எழுதுவதை விரும்பவில்லை. ஊர் தெரிந்தால் ஆளும் தெரிந்துவிடும். இந்தக் கலைஞர்களைப் பாவையாட்டி என்றோ கூத்தர் என்றோ இங்கே எவரும் அழைப்பதில்லை. புலவர் என்றே அழைக்கிறார்கள். அந்தப் பட்டம் ஏன் என்பது எனக்கு மறுநாள் இரவில்தான் விளங்கியது.

கூத்துமாடம் என்பது கோவில் வளாகத்தில் இதற்கென்றே நிரந்தரமாகக் கட்டப்பட்ட நீண்ட மேடை. பெரிய மாடங்களுக்கு 42 அடி நீளம் என்பது மரபான கணக்கு. அது கருவறையைப் பார்த்தபடி நிற்கிறது. மனிதர்கள் வசதியாக உட்காரும் திசை எது என்பதை அதைக் கட்டியவர்கள் எண்ணிப் பார்த்ததாகவே தெரியவில்லை. காரணம் ஒரு கதை. தாரிகன் என்ற அசுரனோடு பத்ரகாளி போரிட்டுக்கொண்டிருந்த அதே நேரத்தில்தான் இலங்கையில் இராமன் இராவணனைக் கொன்றான். அதைக் காணக் கிடைக்கவில்லையே என்று காளி வருந்த, ஆண்டுதோறும் அவள் முன்னால் அந்தக் கதை நிழலாக நடக்க வேண்டும் என்று சிவன் ஆணையிட்டார். பாலக்காடு, திருச்சூர், மலப்புரம் மாவட்டங்களில் உள்ள பகவதி காவுகளில், அறுவடை முடிந்த தை மாதம் தொடங்கி வேனில் முடியும் வரை, 7, 14, 21 இரவுகள் என்று அந்தந்தக் கோவில் வழக்கப்படி இந்தக் கூத்து நடக்கிறது. சில இடங்களில் 41, 71 இரவுகளும் உண்டு.

இரவு கேளிகொட்டு தொடங்கியது. இன்று கூத்து உண்டு என்று ஊருக்கு அறிவிக்கும் வாத்தியம் அது. அம்மையின் அருள் வந்து குறி சொல்பவரான வெளிச்சப்பாடு சந்நிதியிலிருந்து வந்து வாக்குச் சொன்னார். கருவறை விளக்கிலிருந்து எடுத்து வந்த சுடரால் மாடத்துக்குள் தேங்காய் மூடிகளில் வரிசையாக வைத்திருந்த 21 விளக்குகளையும் ஏற்றினார்கள். 42 அடிக்கு 21 விளக்கு என்றால் இரண்டு அடிக்கு ஒன்று என்று எனக்குள் கணக்குப் போட்டுக்கொண்டேன். மேலே வெள்ளைத் துணியும் கீழே கறுப்புத் துணியுமாகத் தைத்த திரை, அந்த ஒளியில் ஒரு நீண்ட வெளுத்த வயலைப்போல விரிந்தது. முதலில் கணபதி தோன்றினார். பிறகு பட்டர் பாவைகள் வந்தன. இரண்டு பிராமணப் பாவைகள் ஆடிப் பாடி, வழிபாட்டுக்குப் பணம் கட்டியவர்களின் பெயர்களைச் சொல்லி அவர்களுக்காக அம்மையிடம் வேண்டிக்கொண்டன. யாருடைய மகளுக்குத் திருமணம் நடக்க வேண்டும், யாருடைய வயிற்றுவலி தீர வேண்டும் என்பதெல்லாம் திரையின் வழியே ஊருக்குத் தெரிந்துவிடுகிறது.

கதை தொடங்கும்போது எதிரே நாங்கள் 11 பேர் இருந்தோம். நள்ளிரவில் நான்கு பேர். அவர்களில் இருவர் படுத்துவிட்டிருந்தார்கள். முதல் நாள் போரில் இராவணன் எல்லாவற்றையும் இழந்து வெறுங்கையோடு நிற்க, இராமன் அவனை இன்று போய் நாளை வரச் சொல்லும் இடம். நான் வகுப்பில் குரலை உயர்த்தி நடத்தும் பாட்டு. திரையில் இரண்டு நிழல்கள் எதிரெதிரே அசையாமல் நின்றன. ஒரு குரல் பாடியது, இன்னொரு குரல் விளக்கியது, விளக்கம் எங்கெங்கோ கிளை விட்டது. பாவைகள் எப்போது அசையும் என்று காத்திருந்து காத்திருந்து, உண்மையைச் சொல்வதென்றால், தூணில் சாய்ந்தபடி நானும் தூங்கிப்போனேன்.

இரண்டாம் நாள்

பகலில் கூனத்தறைக்குப் போனேன். ஷோரனூருக்கும் ஒற்றப்பாலத்துக்கும் இடையே, மாட்டுச்சந்தைக்குப் பெயர்போன வாணியங்குளத்தின் அருகில் இருக்கும் சிற்றூர் இது. தோல்பாவைக்கூத்து என்ற பெயரை இன்று கேரளத்துக்கு வெளியே எவராவது அறிந்திருந்தால், அதற்கு இந்த ஊரில் வாழ்ந்த கிருஷ்ணன்குட்டிப் புலவரே முதற்காரணம்.

1925-இல் பிறந்து 2000-இல் மறைந்தவர் அவர். தந்தை லட்சுமணப் புலவர். கூத்தே குலத்தொழிலாக இருந்த குடும்பம். அவர் வாழ்ந்த காலம் இந்தக் கலைக்கு நல்ல காலமல்ல. கோவில்களையும் கூத்தையும் ஆதரித்து வந்த தறவாடுகள் என்ற பெரிய நிலக்கிழார் குடும்பங்களின் நிலவருமானம் நிலச்சீர்திருத்தத்துக்குப் பிறகு சுருங்கியது. இரவு முழுவதும் விழித்திருந்து கேட்க ஆளும் குறைந்தது. பல குழுக்கள் மாடத்தை விட்டு இறங்கிவிட்டன. அப்படிப்பட்ட நாட்களில் அவர் இரண்டு வேலைகளைச் செய்தார். ஒன்று, பனையோலைகளிலும் நினைவுகளிலும் சிதறிக் கிடந்த பாட்டையும் உரையையும் தொகுத்து எழுதி வைத்தார். கூத்தின் முழுப் பனுவலுக்கு ஆடல்பற்று என்று பெயர்; கம்பனின் பாடல்களும், அவற்றுக்குத் தமிழும் மலையாளமும் வடமொழியும் கலந்த விரிவுரையும் சேர்ந்தது அது. இன்னொன்று, அம்மைக்கு முன்னால் மட்டுமே நடக்க வேண்டும் என்று இருந்த கூத்தைக் கோவிலுக்கு வெளியே கொண்டு வந்தார். 21 இரவுகளை ஒன்றிரண்டு மணி நேரமாகச் சுருக்கி, தூக்கிச் செல்லக்கூடிய திரை கட்டி, பிற ஊர்களிலும் பிற நாடுகளிலும் காட்டினார். சங்கீத நாடக அகாதெமி விருது அவரைத் தேடி வந்தது. இரண்டாவது வேலைக்காகவே அவரை அனைவரும் நினைவில் வைத்திருக்கிறார்கள். என் கணக்கில் முதலாவதுதான் பெரியது. தான் இறந்தால் தன்னோடு போய்விடும் என்று தெரிந்த ஒன்றை உட்கார்ந்து எழுதி முடிப்பதற்கு, மேடை ஏறுவதைவிட அதிகப் பிடிவாதம் வேண்டும்.

அவருடைய மகன் ராமச்சந்திர புலவருக்கு 2021-இல் பத்மஸ்ரீ கிடைத்தது. காவலப்பாறை ஆரியங்காவு கோவிலில் ஆண்டுதோறும் நடக்கும் கூத்தை இந்தக் குடும்பம் தலைமுறைகளாக நடத்தி வருகிறது. ராமச்சந்திர புலவர் காந்தியின் வாழ்க்கையையும் இயேசுவின் கதையையும் பாவைக்கூத்தாக்கினார். நூற்றாண்டுகளாக ஆண்கள் மட்டுமே ஏறிய கலையில் இன்று அவருடைய மகளின் தலைமையில் பெண்களின் குழு ஒன்று இயங்குகிறது.

பாவை செய்யும் ஒருவரின் திண்ணையில் பிற்பகலைக் கழித்தேன். தோலை விறைப்பாக இழுத்துக் கட்டிக் காயவிட்டு, மயிர் சுரண்டி, பழைய பாவையைப் படியாக வைத்து உருவம் வரைகிறார்கள். பிறகு மரப்பலகை மேல் வைத்துச் சிறு உளிகளால் துளையிடுவதுதான் வேலையின் உயிர். புள்ளி, கோடு, நெல்மணி, பிறை என்று ஒவ்வொரு வடிவத் துளைக்கும் ஓர் உளி இருந்தது. நிழலில் ஆடையின் கரையாகவும் கழுத்தணியாகவும் தெரியப்போவது இந்தத் துளைகளே என்பதால், அவர் தோலைப் பார்த்து வேலை செய்யாமல், அவ்வப்போது வெளிச்சத்துக்கு எதிரே தூக்கிப் பிடித்துப் பார்த்தே அடுத்த துளையை முடிவு செய்கிறார். நடுவே பிளந்த மூங்கில் குச்சியைக் கட்டினால் பாவை நிமிர்ந்துவிடும்; பெரும்பாலானவற்றில் அசைவது ஒரு கை மட்டும். இராமன் ஒருவனுக்கே அமர்ந்த இராமன், நிற்கும் இராமன், காட்டு இராமன், போர் இராமன் என்று பல பாவைகள் வேண்டும். முழுக்கதைக்கு 150-க்கும் மேல் தேவைப்படும். 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்துக்குப் பிறகு மான்தோல் இல்லை; புதியவை ஆட்டுத்தோலிலும் எருமைத்தோலிலும் உருவாகின்றன. மான்தோல் நீண்ட நாள் உழைக்கும், மெல்லியதாக இருந்தும் மடங்காது என்று அவர் வருத்தத்தோடு சொன்னாலும், சட்டத்தைக் குறை சொல்லவில்லை.

இரவு மீண்டும் காவுக்குப் போனபோது, நான் முந்தைய இரவு தூங்கியதை மாடத்துக்குள்ளிருந்தே கவனித்திருந்த மூத்த புலவர், ஓர் இளைஞரை அனுப்பி என்னை உள்ளே வரச் சொன்னார். செருப்பையும் சட்டையையும் கழற்றிவிட்டுப் பக்கவாட்டுப் படியேறினேன்.

உள்ளே வேறோர் உலகம் என்று எழுதினால் அது தேய்ந்த வாசகம். பார்த்ததை அப்படியே சொல்கிறேன். சற்று உயரமான பலகையில் விளக்குகளின் வரிசை. தேங்காயெண்ணெய் வாடையும் சூடும். திரை நெடுக, முள்ளால் துணியில் குத்தப்பட்ட பாவைகள். தரையில் பாய், பாயில் ஐந்து பேர், வெற்றிலைத் தட்டு ஒன்று, சுக்குக் காப்பிப் பாத்திரம் ஒன்று. ஒரு மூலையில் எழுப்பறை, இலத்தாளம், சங்கு ஆகிய வாத்தியங்கள். மூத்த புலவருக்கு எழுபது வயதுக்கு மேல் இருக்கும். பாவையின் குச்சியைத் தொடாமல், திரையைக்கூடப் பார்க்காமல், எதிரே அமர்ந்திருந்த இன்னொரு புலவரைப் பார்த்தே அவர் பேசிக்கொண்டிருந்தார்.

அன்று கும்பகர்ணனும் வீடணனும் போர்க்களத்தில் சந்திக்கும் கதை. மூத்தவர் கும்பகர்ணன், மற்றவர் வீடணன். கம்பனின் ஒரு பாட்டை மூத்தவர் பாடுவார். பதம் பிரித்துப் பொருள் சொல்வார். வீடணன் அதை ஏற்காமல் கேள்வி கேட்பார். உண்ட சோற்றுக்கு உயிரைத் தருவது அறம் என்றால், அறமில்லாதவன் போட்ட சோற்றுக்கும் அது பொருந்துமா? பொருந்தாது என்றால் நீங்கள் ஏன் இங்கே நிற்கிறீர்கள்? கும்பகர்ணன் வெற்றிலையை ஒரு பக்கம் ஒதுக்கிக்கொண்டு, தசரதன் கைகேயிக்குக் கொடுத்த வரத்திலிருந்து விடை தொடங்குவார். ஒருவர் ஒரு வாக்கியத்தை முடிக்கும்போதெல்லாம் மற்றவர் ‘ஆ…’ என்று நீட்டிச் சுருதி சேர்க்கிறார். பேச்சுக்குத் தூக்கம் வராமல் இருக்கவும் பேசுகிறவருக்கு மூச்சு வாங்க இடம் கிடைக்கவும் அந்த ஒற்றை ஒலி உதவுகிறது. ஒரே ஒரு பாட்டுக்கு 40 நிமிடம் ஆனதைக் கைக்கடிகாரத்தில் பார்த்தேன். அந்த 40 நிமிடத்தில் பாவைகள் அசைந்தது இரண்டு முறை. முந்தைய இரவு திரைக்கு எதிரே உட்கார்ந்து அசைவுக்காகக் காத்திருந்த என்னை நினைத்துச் சிரிப்பு வந்தது. பட்டிமன்றத்துக்குப் போய்விட்டு மேடை அலங்காரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தவன் கதை என் கதை.

கேள்விகள் முன்கூட்டி முடிவு செய்தவை அல்ல. மரபான கேள்விகள் உண்டு என்றாலும், எதிராளியைச் சிக்கவைக்கப் புதிய கேள்வி ஒன்றை எறிவது மூத்தவர்களின் உரிமை. அதிகாலை மூன்று மணிக்கு, வெளியே ஒருவர்கூட விழித்திருக்காத நேரத்தில், வீடணன் ஒரு கேள்விக்குத் தடுமாறினார். கும்பகர்ணன் அவரை விடவில்லை. கேட்பவர் யாருமில்லாதபோது இந்தப் பிடிவாதம் எதற்கு என்று பிறகு அந்த இளைஞரிடம் கேட்டேன். அவர் திரைக்கு அப்பால், இன்னும் திறந்திருந்த சந்நிதியின் பக்கம் தலையை மட்டும் திருப்பிக் காட்டினார்.

மூன்றாம் நாள்

மாலை வரை தூங்கினேன். எழுந்தபோது காய்ச்சல் அடிப்பதுபோல இருந்ததால் இராவணனின் மகன் அதிகாயன் இறந்த இரவை நான் பார்க்கவில்லை.

மாலையில் மட்டும், ஒரு பள்ளி மண்டபத்தில் வேறொரு குழு நடத்திய ஒரு மணி நேரக் கூத்துக்குப் போய் வந்தேன். சூர்ப்பணகை முதல் பட்டாபிஷேகம் வரை எல்லாம் வந்தன. மான் துள்ளியது, அனுமன் கடல் தாண்டினான், சட்டென்று பற்றிக்கொள்ளும் தெள்ளிப்பொடியைச் சுடரில் வீசியபோது போர்க்களம் பற்றி எரிந்தது, குழந்தைகள் கைதட்டினார்கள். ஓட்டத்திலும் நேர்த்தியிலும் குறை சொல்ல ஏதுமில்லை. ஆனால் அதில் வீடணன் கேள்வி கேட்கவில்லை. ஒரு மணி நேரத்தில் கதையைச் சொல்லலாம், வாதிட முடியாது. கிருஷ்ணன்குட்டிப் புலவர் கூத்தை வெளியே கொண்டுவந்திருக்காவிட்டால் என்னைப் போன்றவர்களுக்கு இப்படியொரு கலை இருப்பதே தெரிந்திருக்காது என்பதும் உண்மை. வெளியே வந்த கூத்தில் பாவை வளர்ந்து புலவர் சிறுத்துவிட்டார் என்பதும் உண்மை. பாலக்காட்டு அருங்காட்சியகத்தில் இயந்திரமே பாவையை ஆட்டும் ஏற்பாடு ஒன்றையும் செய்திருக்கிறார்கள். குச்சியைப் பிடிக்கும் கையை இயந்திரத்திடம் ஒப்படைப்பது எளிதாகத்தான் இருந்திருக்கும் என்று எண்ணிக்கொண்டேன்.

நான்காம் நாள்

மூத்த புலவரின் வீட்டுக்குப் பகலில் போனேன். ஆண்டில் ஐந்து மாதம் கூத்து. மீதி மாதங்களில் சாலையோரத்தில் ஒரு சிறு பலசரக்குக் கடை. கடையை இப்போது மருமகள் பார்த்துக்கொள்கிறார். மற்றவர்களைப் போலவே நானும் அவரை ஆசானே என்று அழைத்தேன். அவர் என்னை மாஷே என்றார். ஆசிரியர் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள்.

“தமிழ் மாஷ் அல்லவா? அப்படியென்றால் இதை முடித்துச் சொல்லணும்” என்று நாகபாசப் படலத்தின் ஒரு பாட்டின் முதல் அடியைச் சொல்லி நிறுத்தினார். இரண்டாம் அடியின் பாதியில் நான் நின்றுவிட்டேன். புத்தகம் கையில் இருந்தால் பக்கம் திருப்பிச் சொல்லியிருப்பேன் என்று சொல்ல வாயெடுத்து, சொல்லாமல் விட்டேன். அவர் மீதியைச் சொன்னார். அடுத்த பாட்டையும், அதற்கடுத்த பாட்டையும் மூச்சு விடாமல் சொன்னார். ழகரம் மலையாளிகளுக்கே உரிய சுத்தத்தோடு விழுந்தது. சில சொற்கள் மட்டும் மலையாள மெட்டில் வளைந்தன.

ஒன்பது வயதில் மாடம் ஏறியவர். முதல் வேலை விளக்குக்கு எண்ணெய் ஊற்றித் திரி தூண்டுவது. இரண்டாவது வேலை அந்த ‘ஆ…’ போடுவது; அதை ஐந்து ஆண்டுகள் செய்தார். பகலில் குரு நாளுக்கு ஒரு பாட்டு சொல்லிக்கொடுப்பார். மறுநாள் அந்தப் பாட்டைப் பதம் பிரித்து ஒப்பிக்காவிட்டால் புதுப்பாட்டு கிடையாது. பொருள் சொல்லித்தர மாட்டார். இரவில் மாடத்தில் பெரியவர்கள் வாதாடுவதைக் கேட்டு எடுத்துக்கொள்ள வேண்டும். முதன்முதலாக ஒரு பாவைக்காகப் பேச இடம் கிடைத்தபோது அவருக்கு வயது 20. கிடைத்த பாத்திரம் ஒரு தூதன். எதிரே அங்கதனாக அமர்ந்திருந்தவர் அவருடைய குருவே. கேட்ட மூன்றாவது கேள்வியில் மாட்டிக்கொண்டு, விடியும்வரை எண்ணெய் ஊற்றும் வேலைக்கே திரும்பிவிட்டதாகச் சொன்னபோது, ஐம்பது ஆண்டுக்கு முந்தைய அந்த அவமானத்தை அவர் ஒரு நகையைக் காட்டுவதுபோலக் காட்டினார்.

இந்த மரபைத் தொடங்கியவர் என்று புலவர்கள் வணங்குவது சின்னத்தம்பி வாத்தியாரை. சாத்திரம் படிக்க விரும்பியபோது, பிராமணர் அல்லாதவர் என்று அவமதிக்கப்பட்டு, அந்தக் கல்வியை எல்லாருக்கும் கேட்கும்படி கூத்தில் வைத்தார் என்பது வழிவழிக் கதை. வரலாறாக அதை நிறுவ முடியுமோ முடியாதோ, கூத்தின் உடம்பில் அதன் தழும்பு இருக்கிறது. யாப்பு, இலக்கணம், புராணம், சோதிடம் என்று கிடைத்த வித்தை எல்லாவற்றையும் ஒரு பாட்டின் உரைக்குள் இழுத்து வருகிற அந்த ஆவேசம், படிக்கக் கூடாது என்று யாரோ ஒருவரிடம் சொல்லப்பட்டதற்கான பதில்போலவே எனக்குக் கேட்டது.

மரப்பெட்டியிலிருந்து தம் நோட்டுகளை எடுத்துக் காட்டினார். கம்பனின் பாடல்கள் மலையாள எழுத்தில். எனக்குத் தெரிந்த மொழி, எனக்கு வாசிக்கத் தெரியாத எழுத்தில் இருந்தது. அவர் தமிழ் எழுத்தைக் கூட்டித்தான் வாசிப்பார். அவர் வாசிக்க, நான் கேட்டு, என் கைப்பேசியில் இருந்த அச்சுப் பதிப்போடு ஒப்பிட்டுப் பார்த்தோம். பெரும்பாலும் ஒத்துப்போனது. சில பாட்டுகள் எந்தப் பதிப்பிலும் நான் கண்டவை அல்ல. சில கதைகளும் அப்படித்தான்: சூர்ப்பணகையின் மகன் சம்புகுமாரன் காட்டில் தவமிருக்க, இலக்குவன் கையால் அவன் இறக்கும் கதை இந்தக் கூத்தில் உண்டு, கம்பனில் இல்லை. மகனை இழந்த தாயாகச் சூர்ப்பணகை மேடையேறும்போது, பஞ்சவடியில் அவள் வரும் காட்சியே வேறு பொருள் கொள்கிறது. கம்பன் எழுதாததை நீங்கள் ஏன் ஆடுகிறீர்கள் என்று கேட்டேன். அம்மை கேட்கிறாள், சொல்கிறோம் என்றார். அதற்கு மேல் வாதிட எனக்குத் துணிவில்லை. இரண்டு இரவுக்கு முன் அவர் வீடணனை என்ன செய்தார் என்று பார்த்திருந்தேனே.

அன்று இரவு நாகபாசம். மாலையிலிருந்தே காவில் கூட்டம். கருடன் வரும் இரவுக்குத் தனிச் சிறப்பு உண்டு. வழிபாட்டுச் சீட்டுகள் குவிந்திருந்தன. இந்திரசித்தின் கணையில் இலக்குவனும் வானரப் படையும் கட்டுண்டு விழும்போதுதான் 42 அடித் திரையின் பயன் தெரிந்தது. ஒரு கோடியிலிருந்து மறுகோடிவரை பாவைகளைக் கிடத்தினார்கள். நிழல்களின் வரிசையில் நிற்பவன் ஒருவனும் இல்லை. இராமன் வந்து பார்த்துப் புலம்பும் பாட்டுகளை மூத்தவர் பாடினார். வாதமில்லை, கேள்வியில்லை. எதிரே இருந்தவரின் ‘ஆ…’ மட்டும் கூடவே போயிற்று.

விடியலுக்கு முன் கருடன் வந்தான். இரண்டு நாளாகக் குச்சியைத் தொட்டுப் பார்க்காத மூத்தவர் எழுந்து வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, கருடப் பாவையை அவரே எடுத்தார். அதைத் திரையிலிருந்து சற்றே விலக்கிப் பிடித்தபோது நிழல் பெருத்துக் கலங்கியது. துணியோடு ஒட்டியபோது சிறகின் ஒவ்வொரு துளையும் தெளிந்தது. அப்படி விலக்கியும் ஒட்டியும் மாடத்தின் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு அவர் ஓடினார். பாயில் கிடந்த வெற்றிலைத் தட்டை இளைஞர் சட்டென்று இழுத்துக்கொண்டார். எழுப்பறை அதிர்ந்தது, சங்கு ஊதினார்கள், வெளியே பெண்களின் குரவை கேட்டது. எழுபது வயதைத் தாண்டிய மனிதர் மூன்று முறை அந்த நீளத்தைக் கடந்தார். பிறகு பாவையைத் திரையில் குத்திவிட்டு, மூச்சு வாங்க நேரம்கூட எடுத்துக்கொள்ளாமல், கருடன் இராமனைத் துதிக்கும் பாட்டுகளைத் தொடங்கினார். உன்னை நீயே அறியாதவன்போல இருக்கிறாயே, இந்த மாயையை யார் அறிவார் என்று பாட்டுக்குப் பாட்டு திரும்பி வரும் வியப்பை, வகுப்பில் ஆண்டுதோறும் அவசரமாகத் தாண்டிப் போகிறவன் நான். நேரமில்லை, தேர்வுக்கும் வராது.

கட்டு நீங்கி எழுந்தபின், நீ யார் என்று இராமன் கேட்கிறான். நமக்குள் உள்ள உறவைப் போர் முடிந்தபின் சொல்கிறேன் என்று கருடன் பறந்துவிடுகிறான். ஏன் அப்போதே சொல்லவில்லை? வீடணனாக இருந்தவர் இப்போது சாம்பவானாக இந்தக் கேள்வியை எறிந்தார். மூத்தவர் சிரித்துவிட்டு விடை சொன்னார்: சொன்னால் இராமன் தன்னைத் திருமால் என்று அறிந்துவிடுவான், மனிதனைப் பொருட்படுத்தாமல் வரம் கேட்ட இராவணனை மனிதனாகத்தான் கொல்ல வேண்டும், ஆகையால் உறவுக்காரன் வாயை மூடிக்கொண்டு போவதே உதவி. சாம்பவான் அதோடு விட்டுவிட்டார். வெளியே வெளுத்துக்கொண்டிருந்தது.

ஐந்தாம் நாள்

காலையில் விளக்குகளைக் குளிர்வித்து, பாவைகளைக் கழற்றித் தூசு துடைத்து, நல்லவர்களையும் அரக்கர்களையும் தனித்தனியாக அடுக்கிப் பெட்டியில் வைத்தார்கள். விடைபெறப் போனபோது மூத்த புலவர் கால்களைச் சுடுநீரில் வைத்துக்கொண்டு கடைத்திண்ணையில் உட்கார்ந்திருந்தார்.

அவர் என்னிடம் கேட்டது ஒன்றே ஒன்று. முந்தைய நாள் ஒப்பிட்டுப் பார்த்த பாட்டுகளில் ஒன்றில், அவருடைய நோட்டில் ஒரு சொல், என் கைப்பேசிப் பதிப்பில் வேறொரு சொல். தன் குரு தவறாகச் சொல்லியிருக்க மாட்டார் என்று அவருக்கு உறுதி. ஆனாலும் இரவு முழுக்க அது உறுத்தியிருக்கிறது. பெரிய பதிப்புகளைப் பார்த்துவிட்டுக் கூப்பிட்டுச் சொல்லணும் மாஷே என்றார். பாட்டின் முதற்குறிப்பை எழுதிக்கொண்டேன்.

பிற்பகல் ரயிலில் கோயம்புத்தூர் வந்து, குளித்தவுடன் செய்த முதல் வேலை அலமாரியிலிருந்து யுத்த காண்டத்தை இறக்கியதுதான். மூலத்தில் என் கைப்பேசியில் இருந்த சொல்லே இருந்தது. அவருடைய சொல் அடிக்குறிப்பில், பாடபேதமாக, ஒரு சுவடியில் காணப்படுவதாக இருந்தது. அந்தப் பக்கத்தைப் பல முறை திறந்திருக்கிறேன். அடிக்குறிப்பின்மேல் என் கண் பட்டதேயில்லை.

இரவு எட்டு மணிக்கு அவரை அழைத்துச் சொன்னேன். மறுமுனையில் கேளிகொட்டின் சத்தம் கேட்டது. “அப்போ அது உண்டு” என்றார். பிரம்மாத்திரப் படலத்துக்கு நேரமாகிவிட்டது என்று சொல்லி வைத்துவிட்டார்.